முற்றுப்பெறாத காப்பியமும் விண்வெளிப் புதினமும்

ஆங்கிலப் புலவர் ஜான் கீட்ஸ் ‘ஹைப்பீரியன்’ என்னும் காப்பியத்தை 1818-ஆம் ஆண்டின் இலையுதிர் காலத்தில் பாடத் தொடங்கினார். அப்போது காசநோயுற்றுக் கிடந்த தம்பி டாமின் படுக்கை அருகிலிருந்து அவரைப் பேணிக்கொண்டே எழுதினார். அவ்வாண்டு டிசம்பர் முதல் நாளில் தம்பி இறந்தார். 1819 ஏப்ரலில் காப்பியமும் நின்றுபோயிற்று. அதன் மூன்றாம் படலம் ஒரு தொடர் முடியுமுன்னரே அறுபட்டுக் கிடக்கின்றது. அதே ஆண்டுக் கோடையில் அக்கதையையே ஒரு கனவாக மாற்றி, ‘ஹைப்பீரியனின் வீழ்ச்சி’ எனப் புதிதாகத் தொடங்கிச் செப்டம்பரில் அதனையும் கைவிட்டார். மில்டனின் சொன்முறை தம் பாட்டில் மிகுந்துவிட்டது என்பதே நண்பர் ரெனால்ட்ஸுக்கு வரைந்த மடலில் அவர் கூறிய காரணம். 1821 பிப்ரவரி 23-ஆம் நாள் உரோமாபுரியில் அவர் மறைந்தபோது அவர்க்கு அகவை இருபத்தைந்தே.

அக்காப்பியம் கைவிடப்பட்டு 170 ஆண்டுகள் சென்றபின், 1989-இல், ‘ஹைப்பீரியன்’ என்னும் அதே பெயருடன் அமெரிக்க நாட்டில் ஒரு புதினம் வெளிவந்தது. அதன் ஆசிரியர் டேன் சிம்மன்ஸ் என்பார். 1990-இல் ‘ஹைப்பீரியனின் வீழ்ச்சி’, 1996-இல் ‘எண்டிமியன்’, 1997-இல் ‘எண்டிமியனின் எழுச்சி’ என மூன்று நூல்கள் அதனைத் தொடர்ந்தன. முதல் மூன்று பெயர்களும் கீட்ஸ் தம் பாடல்களுக்கு இட்டவை. நான்காவது ஒன்றே சிம்மன்ஸ் படைத்தது. ஒரு பெரும்புலவன் முடிக்காது விட்ட வினாவை, இலக்கிய உலகம் தாழ்வாகக் கருதிய ஒரு கதைவகை ஏற்று நடத்திய முறையை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

‘தாழ்வாகக் கருதிய’ என்றது வெறும் உரைநயமன்று. இக்கதைவகைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் ‘ஸ்பேஸ் ஆப்பரா’ என்னும் பெயரே ஓர் இகழ்ச்சிப் பெயராகப் பிறந்தது. வானொலியில் சோப்பு வணிகர்களின் விளம்பர உதவியோடு நாள்தோறும் ஓடிய கண்ணீர்த் தொடர்களைச் ‘சோப் ஆப்பரா’ என்றும், குதிரைவீரர் கதைகளைக் ‘குதிரை ஆப்பரா’ என்றும் மக்கள் நகையாடி வந்தனர். அவற்றை ஒட்டி 1941-இல் வில்சன் டக்கர் என்னும் எழுத்தாளர், அரைத்த மாவையே அரைக்கும் விண்கலக் கதைகளுக்கு இப்பெயரைச் சூட்டினார். 1928-இல் ‘அமேசிங் ஸ்டோரீஸ்’ இதழில் இ. இ. ஸ்மித் எழுதிய ‘விண்வெளி வானம்பாடி’ முதலிய கதைகள் இவ்வகைக்கு முன்னோடிகள். விரைந்து செல்லும் கலங்கள், வெடித்துச் சிதறும் உலகங்கள், ஐயமே அறியாத வீரர்கள் ஆகிய மூன்றும் இருந்தால் போதும் என்ற நிலை நெடுநாள் நீடித்தது. 1940-களில் ஐசக் அசிமோவ் உரோமப் பேரரசின் வீழ்ச்சி பற்றிய கிப்பனின் வரலாற்றை நெஞ்சிற்கொண்டு தம் ‘ஃபவுண்டேஷன்’ கதைகளை எழுதியதும், 1965-இல் ஃபிராங்க் ஹெர்பர்ட் ‘டியூன்’ புதினத்தில் சமயத்தையும் பாலைநில வாழ்வையும் புகுத்தியதும் இவ்வகையின் தரத்தை உயர்த்தின. 1987-இல் ஸ்காட்லாந்து எழுத்தாளர் இயன் பேங்க்ஸ் தம் விண்வெளிப் புதினத்திற்கு எலியட்டின் ‘பாழ்நிலம்’ என்னும் பாடலினின்றே தலைப்பை எடுத்துக்கொண்டார். ஆயினும் அது தலைப்பளவில் நின்ற உறவு. ஒரு கவிதையை முழுமையாகத் தன் எலும்புக்கூடாகக் கொண்டு எழுந்த விண்வெளிப் புதினம் சிம்மன்ஸின் நூலே எனலாம்.

இவ்வுறவு எங்ஙனம் இயன்றது? புனைவியற் கவிதைக்கும் அறிவியற் புதினத்திற்கும் தொடர்பே இல்லை என்று கருதுவார் 1818-ஆம் ஆண்டை நினைத்துப் பார்த்தல் வேண்டும். அவ்வாண்டு சனவரித் திங்களிலேதான் மேரி ஷெல்லியின் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ வெளிவந்தது. ‘புதிய புரோமீதியஸ்’ என்பது அதன் துணைத் தலைப்பு. அறிவியற் புதினத்தின் பிறப்பை அந்நூலிலிருந்தே கணக்கிட வேண்டும் என்று பிரையன் ஆல்டிஸ் 1973-இல் எழுதிய வரலாற்றில் வாதிட்டார். அவ்வாண்டு முடிவதற்குள் கீட்ஸ் ‘ஹைப்பீரிய’னைத் தொடங்கிவிட்டார். மேரியின் கணவர் ஷெல்லி பாடிய ‘கட்டவிழ்ந்த புரோமீதியஸ்’ 1820-இல் வெளிவந்தது; கீட்ஸின் ‘ஹைப்பீரியன்’ அச்சேறியதும் அவ்வாண்டிலேயே. புரோமீதியஸும் ஹைப்பீரியனும் கிரேக்கத் தொன்மத்தில் டைட்டன் என்னும் முதுகடவுட் குலத்தினர். பழைய ஆற்றலைப் புதிய ஆற்றல் எதிர்கொள்ளும்போது இருவர்க்கும் நேர்வது யாது என்னும் ஒரே கவலையை அக்கால இளைஞர் பலரும் சுமந்திருந்தனர் என்பது இதனாற் புலனாகும்.

கீட்ஸுக்கு விண்ணியல் அயலானதும் அன்று. 1811-இல் பள்ளிப் பரிசாக அவர் பெற்றது பானிகாசில் எழுதிய விண்ணியல் அறிமுக நூல். 1781-இல் ஹெர்ஷெல் யுரேனசைக் கண்டறிந்த வரலாற்றை அவர் அறிந்திருந்தார். 1816-இல் பாடிய புகழ்பெற்ற ‘சானெட்’ ஒன்றில், ஹோமரின் உலகை முதன்முதற் கண்ட வியப்புக்குப் புதுக்கோள் கண்ட விண்ணியலாரின் வியப்பை உவமையாக்கினார். பின்னர் 1848-இல் சனிக்கோளின் துணைக்கோள் ஒன்று கண்டறியப்பட்டு ‘ஹைப்பீரியன்’ எனப் பெயர் பெற்றது. சனியின் துணைக்கோள்களுக்கு டைட்டன் குலத்தார் பெயர்களை இடலாம் என்ற ஜான் ஹெர்ஷெலின் கருத்தே அதற்கு வழிகாட்டிற்று. (சிம்மன்ஸின் கதை நிகழும் ஹைப்பீரியன் இத்துணைக்கோள் அன்று, நம் கதிரவன் குடும்பத்திற்கு அப்பாற்பட்ட ஒரு கற்பனை உலகம். இவ்விரண்டையும் மயங்கக் கொள்ளுதல் கூடாது.)

இனிக் கீட்ஸ் விட்டுச்சென்ற வினாவைக் காண்போம். சனித்தேவன் தன் அரசிழந்து, ஓசையற்ற ஒரு பள்ளத்தாக்கில் வீழ்ந்து கிடக்கின்றான். டைட்டன்கள் கூடி ஆராய்கின்றனர். போர் செய்வோம் என்கின்றான் ஒருவன். கடற்கடவுளான ஓஷியனசோ வேறு கூறுகின்றான். இருளினும் ஒளி சிறந்தது. நமக்கு முன்னிருந்தாரினும் நாம் சிறந்தோம். நம்மினும் அழகில் மிக்கார் இப்போது தோன்றியுள்ளனர். அழகில் மிக்கவரே ஆற்றலிலும் மிக்கவராதல் இயற்கையின் விதி. அதனை உணர்ந்து அமைதலே உயர்வு என்பது அவன் உரையின் சாரம். மூன்றாம் படலத்தில் இளைய கடவுளான அப்பல்லோ, நினைவுத் தெய்வமாகிய நெமோசினியின் முகத்தில் உலகத்து ஆக்கங்களையும் அழிவுகளையும் ஒருங்கே படித்து, இறப்பை ஒத்த துடிப்போடு கடவுள் தன்மை எய்துகின்றான். அந்த இடத்தில் பாட்டு அறுந்துபோகின்றது.

மில்டனின் நடை என்பது கீட்ஸ் கூறிய காரணம். அதனை யாம் மறுப்பேமல்லேம். ஆயினும் அது மட்டுமே காரணமாதல் இயலாது என்று கருதுகின்றோம். ஓஷியனசின் உரை மெய்யாயின் அதன்பின் போருக்கு இடமில்லை; போரில்லையேல் அக்காப்பியம் மேற்செல்ல வழியில்லை. அன்றியும், அவ்வுரை அறிவுக்குப் பொருந்துகின்றதே ஒழிய, வீழ்ந்து கிடக்கும் சனித்தேவனின் துயரைத் துடைக்கவில்லை. படிப்போர் நெஞ்சில் நிற்பது ஓஷியனசின் தெளிவன்று. சனித்தேவனின் சோர்ந்த கைகளே. தம்பியின் சாவை அருகிருந்து கண்ட ஒருவர் ‘இளையதும் அழகியதும் வெல்லும்’ என்று பாடி முடித்தல் எளிதன்று. ஆதலினாற்போலும் இரண்டாம் முயற்சியில் அவர் கதையின் மையத்தையே மாற்றினார். ‘வீழ்ச்சி’யில் கனவு காணும் புலவன் ஒரு கோயிலின் படிகளில் உயிர்போகும் வேதனையோடு ஏறுகின்றான். அங்குள்ள மொனீட்டா என்னும் தெய்வமகள், உலகத்தார் துன்பத்தைத் தம் துன்பமாகக் கொண்டு ஆறாதவர்க்கே அவ்வுயரம் எய்தும் என்கின்றாள். வெறுங்கனவு காண்பானையும் புலவனையும் வேறு பிரிக்கின்றாள். அழகு இருந்த இடத்தில் இரக்கம் வந்து அமர்ந்துவிட்டது. அந்நூல் புலவர் மறைந்து ஏறத்தாழ 35 ஆண்டுகள் சென்ற பின்னரே அச்சாயிற்று.

சிம்மன்ஸ் 1948-இல் இல்லினாய்ஸ் மாநிலத்திற் பிறந்தவர். கல்லூரியில் ஆங்கிலம் பயின்றவர். தொடக்கப்பள்ளி ஆசிரியராகப் பதினெட்டாண்டு பணியாற்றியவர். கொலராடோ மாநிலப் பள்ளியொன்றில் தம் மாணவச் சிறுவர்க்கு ஓராண்டு முழுதும் நாள்தோறும் சொல்லிவந்த தொடர்கதையே பின்னர் இப்புதினமாக வளர்ந்தது. வாய்மொழியாகச் சொல்லிக் கேட்போர் முகம் நோக்கி வளர்த்த கதை என்பதை அதன் அமைப்பே காட்டுகின்றது. இருபத்தெட்டாம் நூற்றாண்டு. பழைய உலகம் அழிந்துபோய், மாந்தர் நூற்றுக்கணக்கான உலகங்களிற் பரவி, ஒரே அரசின்கீழ் வாழ்கின்றனர். ஒரு வாயிலில் நுழைந்தால் மறு உலகில் வெளிப்படலாம். அத்தகைய வாயில்களை அமைத்துத் தந்தவை மாந்தரைப் பிரிந்து தனித்தியங்கும் செயற்கை நுண்ணறிவுகள். போர் மூளும் வேளையில் எழுவர் ஹைப்பீரியனுக்குப் புனிதப்பயணம் மேற்கொள்கின்றனர். அங்கே காலத்தில் பின்னோக்கி நகரும் கல்லறைகளும், அவற்றைக் காக்கும் ‘ஷ்ரைக்’ என்னும் எஃகுமுள் உருவும் உள்ளன. ஷ்ரைக் என்பது நாம் கீச்சான் எனக் கூறும் பறவையின் ஆங்கிலப் பெயர்; பிடித்த இரையை முள்ளிற் குத்திவைக்கும் அதன் இயல்பை அறிந்தார்க்கு அப்பெயரின் பொருத்தம் விளங்கும். பயணிகளுள் ஒருவன் வழியிலேயே மறைந்துபோக, ஆறு கதைகள் சொல்லப்படுகின்றன. சாசரின் ‘கேன்டர்பரிக் கதைகள்’ இவ்வமைப்புக்கு மூலம். 1990-இல் ‘ஹ்யூகோ’ப் பரிசு இந்நூலுக்கு வழங்கப்பட்டது.

பெயர்களை முதலில் நோக்குவோம். ஹைப்பீரியன் உலகின் தலைநகர் கீட்ஸ்; மற்றொரு நகர் எண்டிமியன். துப்பறியும் பெண் பிரான் லேமியாவின் பெயரில், கீட்ஸ் காதலித்த ஃபேனி பிரானும் அவர் பாடிய ‘லேமியா’வும் இணைந்துள்ளனர். படைவீரன் கசாட் காதலிக்கும் மறைபொருளான மங்கையின் பெயர் மொனீட்டா. இவை வெறும் அணிகலன்களாக இருப்பின் யாம் பொருட்படுத்தியிரேம். பெயரைத் தொடர்ந்து சென்றால் பொருள் கிடைக்கின்றது என்பதே சிறப்பு. பயணிகளுள் ஒருவன் சோல் வைன்ட்ராப் என்னும் யூத அறிஞன். அவன் மகள் ரேச்சல் இக்கல்லறைகளை ஆராயச் சென்றவிடத்து நேர்ந்த கேட்டினால் நாள்தோறும் இளமையடைந்து வந்து, இப்போது தந்தையின் கையில் சில வாரக் குழவியாகக் கிடக்கின்றாள். அக்குழவியே பின்னர் வளர்ந்து காலத்தில் பின்னோக்கி வரும் மொனீட்டா என இரண்டாம் நூலில் அறிகின்றோம். கீட்ஸின் மொனீட்டா உலகத் துயரனைத்தையும் நினைவிற் சுமப்பவள். இங்கு அவளே தன் தந்தையின் துயராகவும் இருக்கின்றாள்.

நூலின் உயிர்நிலை ஓஷியனசின் வாதத்தை அது நடத்தும் முறையில் உள்ளது. மேலோட்டமாகப் படிப்பவர், மாந்தர் டைட்டன்கள், பொறிகள் அவரை வெல்லவந்த புதுக்கடவுளர் என்று எண்ணுவர். அற்றன்று. அந்நுண்ணறிவுகளுக்குள்ளேயே மூன்று கட்சிகள் உள. மாந்தரோடு உடனுறைய விரும்புவது ஒன்று; மாந்தரை ஒழிக்க விரும்புவது மற்றொன்று. மூன்றாவது, எதிர்காலத்தில் தோன்றவிருக்கும் முடிவான பேரறிவு ஒன்றே பொருட்டு, அதன்பொருட்டு மாந்தரேயன்றித் தாங்களும் அழியலாம் என்கின்றது. உம்மான் என்னும் நுண்ணறிவு (சீனத்து ஜென் ஆசான் யுன்மென்னின் ஜப்பானியப் பெயர் இது) இக்கதையைக் கீட்ஸின் டைட்டன் அவையை ஒத்த பாட்டாகவே கூறுகின்றது. எனவே பொறிகளும் டைட்டன்களே. தம்மினும் உயர்ந்ததற்கு வழிவிடுதல் அறமா என்னும் வினா படைத்தவனையும் படைப்பையும் ஒருசேரத் தொடர்கின்றது. ஓஷியனசின் உரையில் இருந்த குறை இங்கே வெளிப்படுகின்றது. ‘நாம் முந்தையோரை விஞ்சினோம், நம்மைப் பிந்தையோர் விஞ்சுவர்’ என்னும் தொடர்வாதத்திற்கு எல்லை இல்லை. அதில் ஒவ்வொரு தலைமுறையும் அடுத்ததற்கு எருவாகும் தன்மையே எஞ்சும். வாயில்களைக் கடக்கும் மாந்தரின் மூளைகளையே தம் கணிப்புக்குக் கருவியாக்கி அந்நுண்ணறிவுகள் வாழ்ந்தன என்று பின்னர்த் தெரியவரும்போது, அவ்வாதம் நடைமுறையில் எதுவாகும் என்பதைக் காண்கின்றோம். அரசுத் தலைவி மெய்னா கிளாட்ஸ்டன் அவ்வாயில்களை அழிக்க ஆணையிடுகின்றாள். பேரரசு ஒரு நாளில் சிதறுகின்றது.

இவ்வினாவுக்குச் சிம்மன்ஸ் அளிக்கும் விடை ‘வீழ்ச்சி’யின் கோயிற்படியில் கீட்ஸ் கண்டதே. மாந்தரினத்திலிருந்து எதிர்காலத்தில் முகிழ்க்கும் பேரறிவு முக்கூறுடையது. அதனுள் இரக்கமாகிய கூறு போரை வெறுத்துக் காலத்தில் பின்னோக்கி ஓடி மாந்தருள் ஒளிந்துகொண்டது. அதனை வெளிக்கொணரவே ஷ்ரைக் அனுப்பப்பட்டது. முள்மரத்திற் குத்தப்பட்ட மாந்தரின் ஓயாத வேதனையே தூண்டில் இரை. இரக்கம் பொறுக்கமாட்டாமல் அங்கு வந்தே தீரும் என்பது பொறிப்பேரறிவின் கணக்கு. பிறர் துன்பத்தை உணர்தலே உயர்வின் அளவுகோல் என்னும் மொனீட்டாவின் கூற்றை, அவ்வுணர்ச்சியையே வேட்டைப்பொருளாக்கி ஆசிரியர் சோதிக்கின்றார். விண்வெளிப் போர்க்கதையில் இத்தகைய கருத்தைக் காண்போம் என்று எதிர்பார்ப்பார் அரியர். கீட்ஸின் நினைவுகளை ஏற்றி உடல் கொடுத்து அந்நுண்ணறிவுகள் படைத்த ஒருவன் இக்கதையில் வருவதன் காரணமும் இதுவே. லண்டனில் கய்ஸ் மருத்துவமனையிற் பயின்று, 1816-இல் மருந்தாளராக உரிமம் பெற்று, பிறர் காயங்களுக்குக் கட்டுக் கட்டிய கையினால் கவிதை எழுதியவர் கீட்ஸ் என்பதை மறத்தலாகாது.

தத்துவத்தைப் பொறுத்தவரை சோலின் கதையே தலையாயது. மகளைப் பலியிடு என்னும் குரல் அவன் கனவில் வருகின்றது. ஆபிரகாமின் பழைய கதை இது. 1843-இல் கீர்க்ககார்டு ‘அச்சமும் நடுக்கமும்’ என்னும் நூலில் அதனை ஆராய்ந்தார். கீர்க்ககார்டு அந்நம்பிக்கையின் முன் வியந்து நிற்கின்றார். சோல் வியவான், மறுப்பான். எந்தக் கடவுளும் இனி எந்தக் குழந்தையையும் கேட்கலாகாது என்று ஆண்டுக்கணக்கில் வாதிடுகின்றான். இறுதியில் குழவியை ஷ்ரைக்கின் கையில் அவன் கொடுப்பது ஆணைக்குப் பணிந்து அன்று. மகளே கனவில் வந்து வேண்டியதனால். பணிவுக்கும் அன்பின் நம்பிக்கைக்கும் உள்ள வேறுபாட்டை இத்துணைத் தெளிவாக்கிய புதினப் பகுதிகள் சிலவே. பிரெஞ்சுத் துறவி தெய்யார் தெ சார்தேன் உலகம் முழுதும் ‘ஒமேகா’ என்னும் இறுதிப்புள்ளி நோக்கிக் கூர்ந்து செல்கின்றது என்றார். 1955-இல் அவர் மறைந்தபின் அவர் நூல்கள் வெளிவந்தன. பாதிரியார் பால் துரே அவர் வழியினன். ஆயின் துரே காண்பதோ வளர்ச்சியின் மறுதலை. சிலுவை வடிவான ஒட்டுயிர் ஒன்று உடலில் பற்றி, இறந்தவரைத் திரும்பத் திரும்ப எழுப்புகின்றது. ஒவ்வொரு முறையும் உள்ளம் தேய்ந்து, எழுபதின்மர் கொண்ட ஒரு கூட்டம் பேதைக் குழந்தைகளாய்ச் சாவின்றித் திரிகின்றது. உலகம் துன்பத்தின் வழியாக உயிரை ஆக்கும் பள்ளத்தாக்கு என்று கீட்ஸ் 1819-ஆம் ஆண்டு மடலொன்றில் எழுதினார். சாவை நீக்கினால் அப்பள்ளி மூடப்படும் என்பதை இக்கிளைக்கதை அச்சுறுத்தும் வகையில் காட்டுகின்றது.

குறைகளையும் கூறுதல் கடன். மூன்றாம் நான்காம் நூல்கள் 274 ஆண்டுகள் கழித்து நிகழ்வன. அவ்வொட்டுயிரைக் கையிற்கொண்டு ஒரு திருச்சபை உலகங்களை ஆள்கின்றது. லேமியாவுக்கும் மறுபிறப்புற்ற கீட்ஸுக்கும் பிறந்த அனீயா என்பாள் அதனை எதிர்க்கின்றாள். அவள் கற்பிப்பது அன்பும் இரக்கமுமே. கொள்கை உயர்ந்தது, ஆயின் முதலிரு நூல்களில் கதைநிகழ்ச்சியாய் நின்ற கருத்து இங்கே நீண்ட சொற்பொழிவுகளாய் விரிகின்றது. மேலும், முன்னர்க் கூறியவற்றுட் சில இங்கு மாற்றப்படுகின்றன. முதலிரு நூல்களின் நிகழ்ச்சிகளைப் பாடியவன் மார்ட்டின் சைலீனஸ் என்னும் பாத்திரப் புலவன், அவன் பாட்டில் பிழைகள் புகுந்தன என்று அதற்கு அமைதி கூறப்படுகின்றது. திறமையான அமைதிதான்; எளிதாய் அகப்பட்ட அமைதியும் ஆகும். ஆயினும் அச்சைலீனஸ் மறக்கவொண்ணாதவன். மூளைக் கேட்டினால் ஒன்பது சொற்கள் மட்டுமே, அவையும் பெரும்பாலும் இழிசொற்கள், எஞ்சி நின்ற நிலையிலிருந்து மொழியை மீட்டுப் பாடியவன் அவன். தன் காப்பியத்தை முடிக்கும் ஊக்கத்திற்காக ஷ்ரைக்கின் கொலைகளையே கலைமகளின் வரவாகக் கருதிய கொடுமையும் அவனிடத்து உண்டு. ஒரு பாட்டை முடித்தற்கு எவ்வளவு விலை கொடுக்கலாம் என்னும் கேள்வியை, பிறர் பாட்டை முடிக்கப் புகுந்த ஆசிரியர் தம்மை நோக்கியே கேட்டுக்கொண்டார் போலும்.

நம் இலக்கண நூலார் நூல்களை முதல், வழி, சார்பு எனப் பகுத்தனர். முதனூலின் முடிபோடு ஒத்து, பின்னோன் வேண்டும் வேறுபாடுகளைக் கூறுவது வழிநூல் என்பது நன்னூலின் கருத்து. முதனூலுக்கு முடிபே இல்லாதவிடத்து வழிநூல் எதனோடு ஒக்கும்? சிம்மன்ஸ் கீட்ஸின் முதற்பாட்டினின்று கதைமாந்தரையும் வினாவையும் கொண்டார். இரண்டாம் பாட்டினின்று விடையைக் கொண்டார். முடிபையோ கீட்ஸின் பாட்டிலன்றி அவர் வாழ்க்கையிற் கண்டார்.

இரண்டாம் நூலின் இறுதிப் பகுதியில் கீட்ஸின் நினைவுடைய மற்றோர் உருவன், ஜோசப் செவர்ன் என்னும் பெயரோடு, பழைய உலகின் படி எனத் தோன்றும் ஓர் இடத்தில், உரோமாபுரியின் எசுப்பானியப் படிக்கட்டை அடுத்த அந்தச் சிறிய அறைக்கே கொண்டுவரப்படுகின்றான். இருபத்தெட்டாம் நூற்றாண்டின் மருத்துவம் எதுவும் அங்கு இல்லை. அதே நோய்; அதே இருமல்; அதே குருதி. செவர்ன் என்பது 1821-இல் கீட்ஸை இறுதிவரை பேணிய ஓவிய நண்பரின் பெயர். அவர் 1879-இல் மறைந்தார். கீட்ஸின் பெயர் பொறிக்கப்படாத கல்லறைக்கு அருகிலேயே அவர் கல்லறையும் உள்ளது. புதினத்தில் நோயாளி நண்பனின் பெயரைத் தாங்குகின்றான். அவனைப் பேணுபவனோ, இயல்பில் பரிவு மிகாத ஓர் அரசு அலுவலன், கீட்ஸின் மற்றொரு நண்பரான லீ ஹன்ட் என்பாரின் பெயரைத் தாங்குகின்றான். நோயை மாற்றவோ நாளை நீட்டவோ ஆசிரியர் முயலவில்லை. இறந்த பின்னும் செவர்ன் கதை கூறுவதை நிறுத்தவில்லை.